க்ளோரி ரோட்: கூடைப்பந்து தெரியாதவர் இந்தப் படத்தை எப்படிப் பார்ப்பது?

கிரிக்கெட் தவிர வேறு ஆட்டத்தைத் திரும்பிப் பார்க்காத வீட்டில் வளர்ந்தவன் நான். பாஸ்கெட்பால் என்றால் பள்ளிக்கூட மைதானத்து ஓரத்தில் துருப்பிடித்து நிற்கும் இரண்டு கம்பங்கள், அவ்வளவுதான். வளையத்தில் வலை இருந்து நான் பார்த்ததே இல்லை. அதனால் ‘க்ளோரி ரோட்’ படத்தை முதன்முறை பார்த்தபோது ஆட்டக் காட்சிகள் எல்லாம் தலைக்கு மேலே போயின. விசில் எதற்கு ஊதினார்கள், கூட்டம் எதற்கு எழுந்து நின்றது, ஒன்றும் விளங்கவில்லை. அழ வேண்டிய இடத்தில் அழுதேன், அது வேறு. பின்னணி இசை அழச் சொன்னால் அழுதுவிடுவது நம் பழக்கதோஷம்.

இரண்டாம் முறை அக்கா மகனோடு உட்கார்ந்தேன். கல்லூரி அணியில் ஆடுகிறவன். பத்து நிமிஷம் என் முகத்தைப் பார்த்துவிட்டுச் சொன்னான்: “மாமா, பந்தையே பாக்காதீங்க. பந்து கையில இல்லாதவன் என்ன பண்றான்னு பாருங்க.” அந்த ஒரு பேச்சில் எனக்குப் படம் திறந்துகொண்டது. அவன் அன்று சொன்னதையும் பிறகு நானே தேடித் தெரிந்துகொண்டதையும், இந்தப் படத்தை முதன்முறை பார்க்கப் போகிறவர்களுக்காக வரிசைப்படுத்தித் தருகிறேன். முடிவு தெரிந்துவிடுமே என்று கவலைப்பட வேண்டாம். இவர்கள் ஜெயிப்பார்கள் என்பது போஸ்டரைப் பார்த்தாலே தெரியும்.

படத்தைப் பற்றிச் சுருக்கமாக: 2006 ஜனவரியில் வெளியானது. டிஸ்னி நிறுவனம், தயாரிப்பாளர் ஜெர்ரி ப்ருக்ஹைமர், இயக்குநர் ஜேம்ஸ் கார்ட்னர். ஓடும் நேரம் இரண்டு மணிக்கு இரண்டு நிமிஷம் குறைவு. டெக்சாஸ் வெஸ்டர்ன் என்ற சின்னக் கல்லூரியின் அணி 1966-இல் அமெரிக்காவின் தேசியக் கல்லூரிக் கோப்பையை வென்ற உண்மைக் கதை. இறுதி ஆட்டத்தில் அந்த அணி ஐந்து கறுப்பின வீரர்களோடு களமிறங்கியது. எதிரே கென்டக்கிப் பல்கலைக்கழகம், முழுக்க வெள்ளையர் அணி.

படி 1: ஆட்டத்தைக் கற்றுக்கொள்ள அரை மணி நேரம் ஒதுக்குங்கள்

அணிக்கு ஐந்து பேர் கோர்ட்டில். வளையம் தரையிலிருந்து 10 அடி உயரம். பந்தை உள்ளே போட்டால் 2 புள்ளி. பந்தோடு நகர வேண்டும் என்றால் தரையில் தட்டிக்கொண்டே போக வேண்டும், அதுதான் டிரிப்ளிங். தட்டுவதை நிறுத்திக் கையில் பிடித்துவிட்டால் மறுபடி தட்டக் கூடாது. ஒன்று கூடைக்கு எறிய வேண்டும், இல்லை பாஸ் கொடுக்க வேண்டும். எறிந்தது உள்ளே விழாமல் துள்ளி வந்தால் அதற்காக நடக்கும் தள்ளுமுள்ளுக்குப் பெயர் ரீபவுண்ட். கல்லூரி ஆட்டம் 20 நிமிஷம் வீதம் இரண்டு பாதி. சமமாக முடிந்தால் 5 நிமிஷக் கூடுதல் நேரம்.

இதெல்லாம் படத்தைப் பார்க்கும்போதே பிடிபட்டுவிடும். பிடிபடாதது ஃபவுல். அதில்தான் கொஞ்சம் நிற்க வேண்டும்.

எறியப் போகிறவன் கையில் அடித்தால், இடித்தால், இழுத்தால் ஃபவுல். பாதிக்கப்பட்டவர் ஒரு கோட்டுக்குப் பின்னால் நின்று, யாரும் மறிக்காமல், நிதானமாகக் கூடைக்கு எறியலாம். இதுதான் ஃப்ரீ த்ரோ. ஒவ்வொன்றுக்கும் 1 புள்ளி. ஓர் அணி ஒரு பாதியில் அளவுக்கு மேல் ஃபவுல் செய்துவிட்டால், சாதாரண ஃபவுலுக்கும் எதிரணிக்கு ஃப்ரீ த்ரோ கிடைக்கத் தொடங்கும். அதில் ஒரு சிக்கல் உண்டு: முதல் எறி விழுந்தால்தான் இரண்டாவது எறி. ஒருவரே 5 ஃபவுல் செய்துவிட்டால் அந்த ஆட்டத்தில் அவர் பெஞ்சுக்குப் போக வேண்டியதுதான், திரும்பி வர முடியாது.

ஃப்ரீ த்ரோ பார்க்கச் சப்பென்று இருக்கும். ஓட்டமில்லை, பாய்ச்சலில்லை, ஒருவர் நின்று எறிகிறார். படமும் அதைக் கடகடவென்று தாண்டிப் போகும். நீங்கள் தாண்டிவிடாதீர்கள், காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

படி 2: இன்றைய ஆட்டத்தை மறந்துவிடுங்கள்

என்.பி.ஏ. என்ற அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்துப் போட்டியின் துணுக்குகளைக் கைப்பேசியில் பார்த்துப் பழகியவர்கள் படத்தைப் பார்த்து, “தூரத்திலிருந்து போட்டதுக்கு ஏன் 3 புள்ளி குடுக்கல?” என்று கேட்பார்கள். 1966-இல் மூன்று புள்ளிக் கோடே கிடையாது. கல்லூரி ஆட்டத்தில் அது நாடு முழுக்க வந்தது 1986-இல். எங்கிருந்து போட்டாலும் 2 தான். அதே போல, இத்தனை வினாடிக்குள் எறிந்தாக வேண்டும் என்ற கடிகாரமும் அன்று இல்லை, அது கல்லூரிகளுக்கு வந்தது 1985-இல். பந்தை வைத்துக்கொண்டு ஓர் அணி பொறுமையாகச் சுற்றிச் சுற்றிப் பாஸ் கொடுத்துக்கொண்டே இருக்கலாம். டெக்சாஸ் வெஸ்டர்னுக்கு இது பெரிய வசதி.

டங்க் பற்றியும் ஒரு விஷயம். எகிறிப் பந்தை வளையத்துக்குள் அமுக்குவார்களே, அது. இந்த இறுதி ஆட்டத்தின் தொடக்கத்தில் டெக்சாஸ் வெஸ்டர்னின் டேவிட் லாட்டின் அப்படி ஒன்றை அமுக்குவார். அடுத்த ஆண்டே, 1967-இல், கல்லூரி ஆட்டத்தில் டங்க் தடைசெய்யப்பட்டது. 1976 வரை தடை நீடித்தது. பின்னாளில் கரீம் அப்துல்-ஜப்பார் ஆன லூ ஆல்சிண்டர் என்ற நெட்டையான கல்லூரி வீரரைக் கட்டுப்படுத்தத்தான் அந்தத் தடை என்று சொல்பவர்களே அதிகம். லாட்டின் போட்ட டங்க் உறுத்தியிருக்கும் என்று சொல்பவர்களும் உண்டு.

படி 3: ஊரையும் காலத்தையும் தெரிந்துகொள்ளுங்கள்

எல் பாசோ, டெக்சாஸ் மாநிலத்தின் மேற்கு முனை. ரியோ கிராண்டே ஆற்றின் இந்தப் பக்கம் அமெரிக்கா, அந்தப் பக்கம் மெக்சிகோவின் ஹுவாரெஸ் நகரம். பாலைவன ஊர். கல்லூரி 1914-இல் சுரங்கவியல் பள்ளியாகத் தொடங்கியது. அணிக்கு ‘மைனர்ஸ்’ என்று பெயர் வந்தது அதனால்தான். நம்மூர்க் காதுக்கு மைனர் என்றதும் ஜிப்பாவும் தங்கச் சங்கிலியும் நினைவுக்கு வரும். இவர்கள் சுரங்கத் தொழிலாளர்கள். 1967-இல் கல்லூரியின் பெயர் எல் பாசோ டெக்சாஸ் பல்கலைக்கழகம் என்று மாறியது. இணையத்தில் தேடும்போது இரண்டும் ஒன்றுதான் என்பதை நினைவில் வையுங்கள்.

காலத்தைப் புரிந்துகொள்ள இரண்டு ஆண்டுகள் போதும். 1964: நிறத்தைக் காரணம் காட்டி ஓட்டலிலோ வேலையிலோ அரசுப் பணம் பெறும் கல்வி நிலையத்திலோ ஒதுக்குவதைத் தடை செய்த குடிமை உரிமைகள் சட்டம். 1965: வாக்குரிமைச் சட்டம். ஆக, படத்தில் வரும் பருவம் சட்டம் வந்துவிட்ட பருவம். மனிதர்கள் வந்து சேரவில்லை. நமக்கு இதை யாரும் விளக்கத் தேவையில்லை. தீண்டாமை ஒழிந்தது என்று அரசியல் சாசனத்தில் எழுதிய பிறகும் டீக்கடைகளில் தனிக் குவளை இருந்ததைப் பார்த்தவர்கள் நாம்.

கல்லூரிக் கூடைப்பந்தில் அன்று எழுதாத ஒரு சட்டம் இருந்தது. கறுப்பின வீரர்களைச் சேர்த்துக்கொள்ளும் பயிற்சியாளர்களும்கூடச் சொந்த ஊரில் இத்தனை பேர், வெளியூரில் இத்தனை பேர், தோற்கும் நிலையில் இருந்தால் இன்னும் ஒருவர் என்று ஒரு கணக்கு வைத்திருந்தார்கள். தெற்கு மாநிலங்களில் பல கல்லூரிகளில் அந்தக் கணக்குக்கும் இடமில்லை. ஒருவர்கூடக் கிடையாது.

இந்தக் கணக்குக்கு ஒரு சாக்கும் இருந்தது. கறுப்பின வீரர்கள் நன்றாக ஓடுவார்கள், குதிப்பார்கள்; ஆனால் ஐந்து பேரும் அவர்களாகவே இருந்தால் ஒழுங்கு இருக்காது, நெருக்கடியில் குலைந்துவிடுவார்கள், வழிநடத்த ஒரு வெள்ளையர் கோர்ட்டில் வேண்டும் என்பார்கள். இந்தச் சாக்கை மனதில் ஓரமாக வைத்துக்கொள்ளுங்கள். படம் இதை எப்படிக் கையாள்கிறது என்பதில்தான் எனக்கு ஒரு சண்டை இருக்கிறது.

படி 4: முகங்களைப் பழகிக்கொள்ளுங்கள்

ஒரே சீருடை, ஒரே சமயத்தில் ஏழெட்டுப் புது முகங்கள். முதல் அரை மணியில் யார் யாரென்று குழம்புவது சகஜம். எல்லாரையும் மனப்பாடம் செய்ய வேண்டாம், ஐந்தாறு பேர் போதும்.

பயிற்சியாளர் டான் ஹாஸ்கின்ஸ் (ஜோஷ் லூகாஸ்). ஹென்றி ஐபா என்ற பழைய பயிற்சியாளரிடம் ஆடி வளர்ந்தவர். ஐபாவின் வேதம் டிஃபென்ஸ், அதாவது எதிரணியைக் கூடை போட விடாமல் மறிப்பது. படத்தில் ஹாஸ்கின்ஸுக்கு உதவியாளராக வரும் மோ ஐபா அந்த ஹென்றியின் மகன், நிஜத்திலும் அப்படியே.

பாபி ஜோ ஹில் (டெரெக் லூக்). இவரை மட்டும் தவற விடாதீர்கள். குட்டையான உருவம், பந்தைத் தட்டிக்கொண்டு வருபவர், குறும்புச் சிரிப்பு. அணியின் மூளை.

டேவிட் லாட்டின்: மலை மாதிரி இருப்பவர். வில்லி வோர்ஸ்லி: எல்லாரையும்விடக் குட்டை, 5 அடி 6 அங்குலம், நியூயார்க் பையன். ஹாரி ஃப்ளோர்னாய்: இண்டியானாவின் கேரி நகரத்துக்காரர், ரீபவுண்ட் எடுப்பவர். படத்தில் அவருடைய அம்மா வகுப்பறைக்கே வந்து உட்காரும் காட்சி ஒன்று வரும். அங்கே சிரிக்காமல் இருப்பது கஷ்டம். நெவில் ஷெட்: ஒல்லியாக, உயரமாக, சாந்தமாக. வில்லி கேஜர்: இதய நோய் பற்றிய கிளைக்கதை இவருடையது. ஆர்ஸ்டன் ஆர்ட்டிஸ் நிஜத்தில் நம்பகமான எறியாளர். படம் அவருக்குப் பெரிய இடம் தரவில்லை.

அணியில் 12 பேர். 7 பேர் கறுப்பினத்தவர், 4 பேர் வெள்ளையர், ஒருவர் மெக்சிக வம்சாவளியினர். வெள்ளை வீரர்களில் ஜெர்ரி ஆர்ம்ஸ்ட்ராங் முகத்தைப் பார்த்து வையுங்கள். இறுதி ஆட்டத்தில் பெஞ்சில் உட்கார வேண்டி வரும்போது அவர் முகத்தில் ஓடுவதைப் படம் அழகாகப் பிடித்திருக்கிறது.

எதிரணிப் பயிற்சியாளர் அடால்ஃப் ரப் (ஜான் வாய்ட்). 1930 முதல் கென்டக்கியின் சக்கரவர்த்தி. இந்த ஆட்டத்துக்கு முன்பே நான்கு தேசியக் கோப்பைகளை எடுத்தவர். அவருடைய அணியில் பாட் ரைலி என்ற ஒரு பையன். பிற்பாடு என்.பி.ஏ.வில் பயிற்சியாளராக ஐந்து கோப்பைகளை வென்ற அதே பாட் ரைலி. ஐந்தாவது கோப்பை 2006-இல், இந்தப் படம் வந்த அதே ஆண்டில்.

படி 5: முதல் தடவை நிறுத்தாமல் பாருங்கள்

முதல் தடவை உண்மையா பொய்யா என்று ஆராயாதீர்கள். கைப்பேசியைத் தூர வையுங்கள். சப்டைட்டில் போட்டுக்கொள்ளுங்கள், டெக்சாஸ் உச்சரிப்பும் அரங்க இரைச்சலும் சேர்ந்தால் பாதி வசனம் காதில் விழாது. தமிழ்ச் சப்டைட்டில் கிடைக்கவில்லை என்றால் ஆங்கிலத்தையே வைத்துக்கொள்ளலாம். வசனங்கள் எளிமையானவை.

கவனிக்க வேண்டியவை சில உண்டு. ஹாஸ்கின்ஸ் பள்ளிக்கூடப் பெண்கள் அணிக்குப் பயிற்சி தரும் தொடக்கக் காட்சி ஒன்று. குடும்பத்தோடு மாணவர் விடுதியிலேயே குடியிருப்பது இன்னொன்று, நிஜத்திலும் அவர்கள் அப்படித்தான் இருந்தார்கள். பையன்கள் முதுகுக்குப் பின்னால் பாஸ் கொடுத்து வித்தை காட்டும்போதெல்லாம் அவர் பாய்ந்து தடுப்பார். கைகளைத் தூக்கிக்கொண்டு, முழங்கால் மடக்கி, பக்கவாட்டில் நகர்ந்து நகர்ந்து அவர்கள் சாகும் பயிற்சிக் காட்சிகளை ஒன்றுவிடாமல் பாருங்கள். இறுதி ஆட்டம் அங்கேதான் ஜெயிக்கப்படுகிறது. அக்கா மகன் அந்த இடத்தில் தன் முழங்காலைத் தடவிக்கொண்டான்.

குழந்தைகளோடு பார்ப்பவர்களுக்கு ஒரு சொல். நிறவெறி வசைச் சொற்கள் வரும், கழிப்பறையில் ஒரு வீரரை அடிக்கும் காட்சி வரும், ஓட்டல் அறைச் சுவரில் சிவப்பு எழுத்தில் கிறுக்கி வைத்திருப்பது வரும். அமெரிக்கத் தணிக்கையில் பெற்றோர் வழிகாட்டுதலோடு பார்க்கலாம் என்ற சான்றிதழ்தான். பத்து வயதுக்கு மேல் என்றால் தாராளமாகக் கூட உட்கார வைக்கலாம் என்பது என் கருத்து. அந்தச் சொற்களின் பொருளைக் கேட்பார்கள். கேட்டால் மழுப்பாமல் சொல்லிவிடுங்கள், பள்ளியில் சொல்லிப் பார்ப்பதற்கு முன்.

படம் முடிந்ததும் எழுந்து போய்விடாதீர்கள். பெயர்கள் ஓடும்போது நிஜ வீரர்கள், நிஜ ஹாஸ்கின்ஸ், நிஜ பாட் ரைலி எல்லாரும் பேசுகிறார்கள். நிஜ ஹாஸ்கின்ஸ் படத்துக்குள்ளும் தலை காட்டுகிறார், பெட்ரோல் பங்க் ஆளாக. இரண்டாம் முறை பார்க்கும்போது தேடிக் கண்டுபிடியுங்கள்.

படி 6: இப்போது படத்தோடு சண்டை போடுங்கள்

ஒரு டீ குடித்துவிட்டு வந்து உட்காருங்கள். உண்மைக் கதை என்று சொல்லிவிட்டுப் படம் எங்கெங்கே வெட்டி ஒட்டியிருக்கிறது என்று பார்ப்போம்.

முதலாவது, காலம். படத்தில் ஹாஸ்கின்ஸ் வந்த முதல் பருவத்திலேயே கோப்பை. நிஜத்தில் அவர் எல் பாசோ வந்தது 1961-இல். கோப்பைக்கு ஐந்து பருவங்கள் ஆயின. நடுவில் 1963, 1964 இரண்டு ஆண்டுகளும் அணி தேசியப் போட்டிக்குத் தகுதி பெற்றிருந்தது. ஆக, எங்கிருந்தோ முளைத்த அணி அல்ல. கறுப்பின வீரர்களையும் ஹாஸ்கின்ஸ் முதலில் கொண்டுவரவில்லை. 1956-லேயே சார்லி பிரவுன் என்ற வீரர் அந்தக் கல்லூரிக்கு ஆடியிருக்கிறார். ஹாஸ்கின்ஸ் வந்தபோது நோலன் ரிச்சர்ட்சன் அணியில் இருந்தார். அவரும் பின்னாளில் பயிற்சியாளராகி, 1994-இல் ஆர்கன்சாஸுக்குத் தேசியக் கோப்பை வாங்கிக் கொடுத்தார்.

இரண்டாவது, தோல்வி. அந்தப் பருவத்தில் அணி 28 வெற்றி, 1 தோல்வி. அந்த ஒரு தோல்வி சியாட்டிலில், 74-72. இதைப் படம் விட்டுவிடவில்லை. கான்சஸுடன் நடந்த ஆட்டமும் கிட்டத்தட்ட நிஜம். கூடுதல் நேரம் முடியும் நொடியில் ஜோ ஜோ வைட் எறிந்த பந்து உள்ளே விழுந்தது. கான்சஸ் ஜெயித்துவிட்டது என்று எல்லாரும் குதித்தபோது, அவருடைய கால் கோட்டை மிதித்துவிட்டது என்று நடுவர் கை காட்டினார். மறுபடி கூடுதல் நேரம், 81-80. இப்படி ஒரு காட்சியைக் கதாசிரியர் கற்பனையாக எழுதியிருந்தால் நாமே நம்பமாட்டோம்.

மூன்றாவது, இறுதி ஆட்டத்துக்கு முந்தைய பேச்சு. நாளைக்குக் கறுப்பின வீரர்கள் மட்டும்தான் ஆடுவார்கள் என்று ஹாஸ்கின்ஸ் படத்தில் அறிவிப்பார். உடம்பு சிலிர்க்கும் காட்சி. ஆனால் அந்தப் பருவத்தில் ஐந்து கறுப்பின வீரர்களோடு அணி முன்பே பல ஆட்டங்களைத் தொடங்கியிருக்கிறது. எல் பாசோ ரசிகர்களுக்கு அது புதிதல்ல. தேசிய இறுதி ஆட்டத்தில்தான் அது முதல்முறை. ஹாஸ்கின்ஸ் கடைசிவரை சொன்னது ஒன்றுதான்: என்னிடம் இருந்ததில் சிறந்த ஆட்களை இறக்கினேன், வேறு எந்த நோக்கமும் இல்லை. நிஜத்தில் அன்று அவர் செய்த பெரிய மாற்றமும் நிறம் சார்ந்தது இல்லை. கென்டக்கி அணியில் எல்லாரும் குட்டை, வேகம் அதிகம். அதனால் நெட்டையான ஷெட்டை உட்கார வைத்துவிட்டு 5 அடி 6 அங்குல வோர்ஸ்லியை இறக்கினார். ஆட்டம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் ஃப்ளோர்னாய்க்கு முழங்காலில் அடிபட்டது. ஷெட்டும் கேஜரும் பெஞ்சிலிருந்து வந்து தாங்கினார்கள். ஏழு பேர், ஏழு பேரும் கறுப்பினத்தவர்.

எனக்கு இந்த நிஜ ஹாஸ்கின்ஸைத்தான் பிடித்திருக்கிறது. மேடைப் பேச்சு எதுவும் பேசாமல், திறமைக்கு மட்டும் இடம் கொடுத்துவிட்டு, அதற்கு விலையும் கொடுத்த மனிதர். கோப்பைக்குப் பிறகு அவருக்கு வசைக் கடிதங்கள் வந்து குவிந்தன. கறுப்பினப் பையன்களைப் பயன்படுத்திக்கொண்டார் என்று இன்னொரு பக்கத்திலிருந்தும் அடி விழுந்தது. ஜெயிக்காமலே இருந்திருக்கலாமோ என்று ஒரு காலத்தில் தோன்றியதாக அவரே சொல்லியிருக்கிறார்.

என் பெரிய சண்டை நான்காவதில். படம் முழுக்க ஒரு இழுபறி ஓடுகிறது: பயிற்சியாளர் கட்டுப்பாடு என்கிறார், பையன்கள் எங்கள் தெரு ஆட்டத்தை ஆட விடுங்கள் என்கிறார்கள். கடைசியில் அவர் கொஞ்சம் விட்டுக்கொடுக்க, பாய்ச்சலும் வித்தையும் வெடித்துக் கிளம்ப, வெற்றி வருகிறது. பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மூன்றாம் படியில் ஓரமாக வைக்கச் சொன்னேனே ஒரு சாக்கு, அதை இப்போது எடுத்துப் பாருங்கள். கறுப்பின வீரர் என்றால் வித்தை, வெள்ளையர் என்றால் ஒழுங்கு. படம் தன்னை அறியாமல் அந்தக் கதையின் பாதியைத் திருப்பிச் சொல்லிவிடுகிறது. அன்று கோர்ட்டில் நடந்தது நேர்மாறு. அதைத் தெரிந்துகொள்ள ஏழாம் படிக்கு வர வேண்டும்.

படி 7: காகிதமும் பேனாவும் எடுத்துக்கொண்டு நிஜ ஆட்டத்தைப் பாருங்கள்

1966 மார்ச் 19, மேரிலாந்துப் பல்கலைக்கழகத்தின் கோல் ஃபீல்டு ஹவுஸ் அரங்கம். 14,000 பேருக்கு மேல் கூட்டம். கறுப்பு வெள்ளைப் பதிவு இருக்கிறது, காட்சிகளை இணையத்தில் தேடிப் பிடிக்கலாம். படம் மங்கல், சீருடை எண்கள் சரியாகத் தெரியாது, பரவாயில்லை.

முதலில் வேகத்தைப் பாருங்கள். ஓடி ஓடி எறிந்துகொண்டே இருப்பது கென்டக்கி. பந்தை அடக்கி வைத்து, சுற்றி, ஆள் காலியாகும்வரை காத்திருந்து எறிவது டெக்சாஸ் வெஸ்டர்ன். கணக்கு இதைத் தெளிவாகச் சொல்லும். ஆட்டத்தில் கூடையை நோக்கி கென்டக்கி 70 முறை எறிந்தது, 27 விழுந்தன. டெக்சாஸ் வெஸ்டர்ன் 49 முறைதான் எறிந்தது, 22 விழுந்தன. அதாவது கென்டக்கி ஐந்து கூடைகள் அதிகம் போட்டிருக்கிறது. அப்புறம் எப்படி 72-65 என்று தோற்றது?

ஃப்ரீ த்ரோ. கென்டக்கிக்குக் கிடைத்தது 13, விழுந்தது 11. டெக்சாஸ் வெஸ்டர்னுக்குக் கிடைத்தது 34, விழுந்தது 28. இருபத்திரண்டை இரண்டால் பெருக்கி 28-ஐக் கூட்டுங்கள், 72 வரும். நெருக்கடியில் குலைந்துவிடுவார்கள் என்று சொல்லப்பட்ட பையன்கள், ஆயிரக்கணக்கானோர் கத்தும் அரங்கில், உள்நாட்டுப் போர்க்காலத்துத் தென் மாநிலங்களின் பழைய கொடியைச் சிலர் ஆட்டிக்கொண்டிருக்க, அந்தக் கோட்டுக்குப் பின்னால் நிதானமாக நின்று ஒவ்வொன்றாக எறிந்தார்கள். திரும்பத் திரும்ப அவர்களை மறிக்க முடியாமல் கையில் அடித்து ஃபவுல் வாங்கியது, ஒழுங்குக்குப் பெயர் போன அணி. சினிமாவுக்கு இது சப்பென்ற காட்சிதான். ஒருவர் நிற்கிறார், எறிகிறார். இதை வைத்து எப்படி உச்சக்காட்சி எடுப்பது? இயக்குநரின் கஷ்டம் புரிகிறது. என்றாலும் அந்த 28 எறிகள்தான் அந்த இரவின் கதை என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

அடுத்து, பாபி ஜோ ஹில். முதல் பாதியில் கென்டக்கியின் டாமி க்ரான் பந்தைத் தட்டிக்கொண்டு நடுக்கோர்ட்டுக்கு வருகிறார். ஹில் கையை நீட்டிப் பந்தைப் பறித்துக்கொண்டு தனியாக ஓடிப் போடுகிறார். அடுத்த சில நொடிகளிலேயே லூயி டாம்பியர் பந்தோடு வருகிறார். மறுபடி அதே கை, அதே பறிப்பு. இவர்கள் இருவரும் நாட்டின் தேர்ந்த ஆட்டக்காரர்கள், கத்துக்குட்டிகள் கிடையாது. படத்திலும் இது வருகிறது, இசையோடு, கோணங்களோடு. நிஜப் பதிவில் இசை இல்லை. இங்கேதான் அக்கா மகனின் விதியைப் பயன்படுத்த வேண்டும். டாம்பியரின் பந்தைப் பார்க்காதீர்கள், வரப்போகும் ஹில்லின் கால்களைப் பாருங்கள். முழங்கால் மடங்கி, உடம்பு தாழ்ந்து, பக்கவாட்டில் நகர்ந்து நகர்ந்து... பயிற்சிக் காட்சிகளில் ஹாஸ்கின்ஸ் ரத்தம் கக்க வைத்தாரே, அந்தக் கால்கள். அன்று ஹில் எடுத்தது 20 புள்ளிகள், அணியில் அவரே அதிகம். எதிரணியில் ரைலியும் டாம்பியரும் ஆளுக்கு 19.

முடிந்ததும் வலையை அறுத்து எடுத்துக்கொள்வது வென்றவர்களின் சடங்கு. அதற்கு ஏணி போடுவார்கள். அன்று இவர்களுக்கு யாரும் ஏணி கொண்டுவரவில்லை. ஷெட் வோர்ஸ்லியைத் தூக்கிப் பிடிக்க, குட்டைப் பையன் எட்டி வலையை அறுத்தார்.

இதற்கு மேலும் ஆர்வம் இருப்பவர்களுக்கு

இந்த ஒரு ஆட்டம்தான் எல்லாவற்றையும் மாற்றியது என்று படம் முடிக்கும். அதை அப்படியே வாங்கிக்கொள்ள வேண்டாம். 1963-இல் கோப்பை வென்ற சிகாகோவின் லயோலா அணியில் நான்கு கறுப்பின வீரர்கள் தொடக்க ஐவரில் இருந்தார்கள். அதற்கும் முன்பு கறுப்பின வீரர் பில் ரசல் ஆடிய சான் ஃபிரான்சிஸ்கோ அணி 1955, 1956 இரண்டு ஆண்டும் வென்றது. சட்டமும் ஒரு பக்கம் நெருக்கிக்கொண்டிருந்தது. தெற்கின் பெரிய கல்லூரிகள் அடங்கிய தென்கிழக்குக் கூட்டமைப்பில் முதல் கறுப்பினக் கூடைப்பந்து வீரராக பெர்ரி வாலஸ் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்துக்கு ஆடத் தொடங்கியது 1967-இல். அவர் பட்ட பாடு இந்தப் படத்தில் வருவதைவிடக் கொடுமை. தனியாகப் படிக்க வேண்டிய வாழ்க்கை. ரப்பின் கென்டக்கிக்கு முதல் கறுப்பின வீரர் ஒப்பந்தமானது 1969-இல், இறுதி ஆட்டம் முடிந்து மூன்று ஆண்டு கழித்து.

ஹில் 2002-இல் இறந்துவிட்டார், படம் வருவதற்கு முன்பே. ஹாஸ்கின்ஸ் அதே கல்லூரியில் 1999 வரை இருந்து, 719 வெற்றிகளோடு ஓய்வு பெற்று, 2008-இல் இறந்தார். 2007-இல் அந்த முழு அணியும் கூடைப்பந்தின் புகழரங்கில் சேர்க்கப்பட்டது.

இரண்டாம் முறை படத்தைப் போடும்போது ஒரு வேலை செய்யுங்கள். இறுதி ஆட்டக் காட்சிகளில் எத்தனை ஃப்ரீ த்ரோக்களை முழுசாகக் காட்டுகிறார்கள் என்று காகிதத்தில் கோடு போட்டுக்கொண்டே வாருங்கள். கடைசியில் எண்ணிப் பார்த்து, 28-ஓடு ஒப்பிடுங்கள்.